பதினொரு பாகங்களுக்கு இரங்கல் வாசித்தவர்

மனித இனத்தில் ‘முடிஞ்சது’க்காரர் என்றொரு பிரிவு உண்டு. விலங்கியல் புத்தகங்களில் இவரைச் சேர்க்காமல் விட்டது பெரிய குறை. எந்த ஊரிலும் வாழ்வார், எந்தக் குளிரையும் தாங்குவார், எதைக் கொடுத்தாலும் சாப்பிடுவார். ஆனால் அவரை உயிரோடு வைத்திருப்பது ஒரே ஒரு காரியம்தான். தமக்கு மிகவும் பிடித்த ஏதோ ஒன்று செத்துப்போய்விட்டது என்று நாலு பேர் முன்னால் அறிவிக்க வேண்டும். செத்தது ஒரு சாப்பாட்டுக் கடையாக இருக்கலாம், கால்பந்துக் குழுவாக இருக்கலாம், வாரப் பத்திரிகையாக இருக்கலாம். அது எந்த வருஷம் செத்தது, யாரால் செத்தது, முதல் விரிசல் எங்கே விட்டது, எல்லாம் அவருக்கு அத்துப்படி. ஒன்றை மட்டும் அவரிடம் கேட்கக் கூடாது. செத்துப்போன இடத்தில் தினமும் உங்களுக்கு என்ன வேலை?

இந்த இனத்தில் கலப்படமே இல்லாத ஓர் ஆள் வேண்டுமென்றால் பிஷ்கெக் நகரத்து தொக்தோசுனைத்தான் காட்ட வேண்டும். வயது நாற்பத்திரண்டு. பல்செட் செய்வது தொழில். அந்தப் பேட்டையில் பாதிப் பெரியவர்கள் ஆட்டிறைச்சியைக் கடிப்பது அவர் செய்த பல்லால்தான். அவருடைய பெயரை கிர்கிஸ் மொழியில் இரண்டு விதமாக எடுத்துக்கொள்ளலாம். பிள்ளை ‘நிலைக்கட்டும்’ என்று பெற்றோர் ஆசையாக வைத்த பெயர் அது. அவரோ இரண்டாவது அர்த்தத்தைப் பிடித்துக்கொண்டார்: ‘நின்றுபோகட்டும்.’

எது நின்றுபோகட்டும்? ‘கடைசித் தோட்டா.’

அது ஒரு சண்டை விளையாட்டு. கம்ப்யூட்டரில் ஐந்து பேர் ஓர் ஊரைக் காப்பார்கள், ஐந்து பேர் பிடிக்க வருவார்கள், நடுவில் சுட்டுக்கொள்வார்கள். பெயர்தான் கடைசித் தோட்டா. இருபது வருஷமாகச் சுட்டும் தோட்டா தீரவில்லை, பதினொரு பாகம் வந்துவிட்டது. இந்தப் பதினொன்றையும் தொக்தோசுன் ஒரே இடத்தில்தான் விளையாடினார். மொஸ்கோவ்ஸ்கயா தெருவில் மருந்துக் கடைக்குக் கீழே, பதினாலு படி இறங்கினால் வரும் ‘இல்பிர்ஸ்’ கம்ப்யூட்டர் கிளப். அதை நடத்துபவள் சல்கின், ஐம்பதை நெருங்கும் கனத்த சரீரக்காரி. அங்கே வருபவர்கள் அவளை எஜே, அதாவது அக்கா என்பார்கள்; தொக்தோசுனைப் பைகே, அதாவது அண்ணன் என்பார்கள். நகரத்திலிருந்த இப்படிப்பட்ட நிலவறைக் கிளப்புகள் ஒவ்வொன்றாகச் செருப்புக் கடையாகவும் முடிதிருத்தகமாகவும் மாறிவிட, இல்பிர்ஸ் மட்டும் தாக்குப்பிடித்தது. காரணம் இந்த விளையாட்டுதான். இருபத்திரண்டு இருக்கையில் பதினைந்து பேர் அதற்காகவே வருகிறவர்கள்.

தொக்தோசுன் இரங்கல் வாசிக்கும் முறை தனி. புதிய பாகம் வரப்போகிறது என்று செய்தி வந்ததும் கிளப்பில் ஒருவரும் வாய் திறக்க மாட்டார்கள். அது அவருடைய உரிமை. அவர் செய்தியை ஒருமுறை படிப்பார், கண்ணாடியைக் கழற்றுவார், சட்டை நுனியால் துடைப்பார், மறுபடி மாட்டிக்கொண்டு, ஏதோ மேலிடத்திலிருந்து தந்தி வந்தவர் போலத் தலையை மெல்ல ஆட்டி, “முடிஞ்சது” என்பார். அதற்குப் பிறகுதான் மற்றவர்கள் தேநீர் ஊற்றிக்கொள்வார்கள்.

அடுத்து முன்னோட்டப் படம் வரும். இரண்டு நிமிஷப் படம். அதை அவர் நிறுத்தி நிறுத்திப் பார்க்க இரண்டு மணி நேரம் ஆகும்.

“இந்த ஆளு துப்பாக்கிய எந்தக் கையில பிடிச்சிருக்கான் பாரு.”

“இடது கையில பைகே.”

“அவ்வளவுதான். இடது கைக்காரன வெச்சு ஆரம்பிச்சிருக்கான்னா உள்ள என்ன சரக்கு இருக்கும்?”

“எங்கப்பா இடது கைக்காரர்டா” என்பான் பக்கத்து இருக்கை ரினாத்.

“உங்கப்பாவ யாரும் படம் எடுத்து வித்தாங்களா? சும்மா இரு.”

ரினாத் தாத்தார் இனத்தவன், மின்வேலை செய்பவன், இருபது வருஷமாக அவருடைய அணிக்காரன். அணியில் மற்ற மூவர் மாறிக்கொண்டே இருந்தார்கள். இவர்கள் இருவரும் மாறவில்லை.

பிறகு விளையாட்டு வெளியாகும் நாள். அன்றைக்கு, அச்சில் ஊற்றிய சாந்து காயக் காத்திருக்க, வாயில் பல் இல்லாமல் ஒரு பெரியவர் வாசலில் உட்கார்ந்திருக்க, பட்டறைக்குப் பூட்டுப் போட்டுவிட்டு, காலை எட்டு மணிக்கே இல்பிர்ஸின் மேல்படியில் நிற்பவர் யார் என்கிறீர்கள்?

“எவ்வளவு கேவலமா இருக்குன்னு பாக்கணும்ல எஜே. பாக்காமக் குறை சொன்னா அது அநியாயம்” என்பார் சல்கினிடம். பார்ப்பார். ஒரு வருஷம் பார்ப்பார். அந்த ஒரு வருஷமும் ஒவ்வொரு ஆட்டத்துக்கு நடுவிலும் மூன்றாம் பாகத்தின் பெருமை பேசுவார். மூன்றாம் பாகத்தோடு கடைசித் தோட்டா செத்துவிட்டது என்பது அவருடைய அசைக்க முடியாத தீர்ப்பு. மூன்றாம் பாகம் வந்த நாளில் இரண்டாம் பாகத்தோடு செத்துவிட்டது என்று இதே மனிதர் மேசையைத் தட்டிச் சொன்னது ரினாத்துக்கு நினைவிருக்கிறது. ஆனால் நினைவிருப்பதையெல்லாம் சொன்னால் இருபது வருஷம் பக்கத்தில் உட்கார முடியுமா?

பதினொன்றாம் பாகம் வந்தபோது தொக்தோசுன் இணையத்தில் ஒரு நீண்ட இரங்கல் கட்டுரை எழுதினார். அதில் ஒரு வரி: ‘உயிர் போன உடம்பை நிமிர்த்தி உட்காரவைத்துத் தலையில் தொப்பி மாட்டிவிடுவது மரியாதை ஆகாது.’ அந்த வரி அவருக்கே பிடித்துப்போனது. உலகமெங்கும் நாற்பதாயிரம் பேருக்கும் பிடித்துப்போனது. அதைக் கொண்டாட அவர் கிளப்புக்கே சம்சா வாங்கிக் கொடுத்தார். ஒருவரின் இரங்கலுக்குச் சம்சா வாங்கிக் கொடுத்துக் கொண்டாடும் வழக்கம் வேறெங்காவது உண்டா என்று தெரியவில்லை.

இது நடந்து நாலு மாதம் கழித்து, நோருஸ் பண்டிகை முடிந்த முதல் சனிக்கிழமை மத்தியானம். சல்கின் வீட்டிலிருந்து ஒரு பானை சுமோலோக் கொண்டுவந்திருந்தாள். எல்லோரும் அந்தக் கோதுமைக் களியைக் கரண்டியால் வழித்துக்கொண்டிருந்தபோது, சஞ்சார் என்ற வாடகைக்கார் ஓட்டும் இளைஞன் திரையைப் பார்த்தபடி, “எல்லாரும் கொஞ்சம் பேசாம இருங்க” என்றான். குரல் சரியில்லை.

விளையாட்டைச் செய்யும் நிறுவனத்தின் அறிவிப்பு. அவன் உரக்கப் படித்தான். பன்னிரண்டாம் பாகம் வராது. கடைசித் தோட்டா இத்துடன் நிறைவு பெறுகிறது. டிசம்பரில் சர்வர்கள் அணைக்கப்படும். அதற்குப் பிறகு எந்தப் பாகத்தையும் யாரும் சேர்ந்து விளையாட முடியாது. நெடுநாள் விளையாடுபவர்களின் கருத்துகளை மிகக் கவனமாகப் பரிசீலித்தே இந்த முடிவுக்கு வந்தோம். அவர்களில் ஒருவர் அழகாகச் சொன்னதுபோல, உயிர் போன உடம்பை நிமிர்த்தி உட்காரவைத்து…

சஞ்சார் நிறுத்தினான். மிச்சத்தைப் படிக்கத் தேவையிருக்கவில்லை. எல்லாத் தலையும் ஒரே பக்கம் திரும்பியது.

“பைகே, இது உங்க வரி.”

“எல்லாரும் சொல்றதுதான” என்றார் தொக்தோசுன். கரண்டி கையிலேயே இருந்தது.

“எல்லாரும் செத்துப்போச்சுன்னாங்க. தொப்பி மாட்டினது நீங்கதான்.”

சல்கின் பானையை மூடினாள். “இருபது வருஷமா வாசல்ல நின்னு சாவக் கூப்பிட்ட தொக்தோ. வந்துருச்சு. எழுந்திரிச்சுப் போய் உக்காரச் சொல்லு” என்றாள். குரலில் கோபம்கூட இல்லை. அதுதான் அவருக்கு உறைத்தது. டிசம்பருக்குப் பிறகு இந்தப் படிகளில் யார் இறங்குவார்கள் என்று அவள் அந்த நிமிஷமே யோசிக்கத் தொடங்கிவிட்டது அவள் முகத்தில் தெரிந்தது.

சரி, நியாயமாகப் பார்த்தால் அன்று தொக்தோசுனுக்குத் திருநாள் அல்லவா? சொன்னது பலித்துவிட்டது. எந்தத் தீர்க்கதரிசிக்கு இந்தப் பாக்கியம் உயிரோடு இருக்கும்போதே கிடைக்கிறது? ஆனால் அவர் வீட்டுக்குப் போய் மனைவி புருல் வைத்த லக்மான் நூடுல்ஸை முள்கரண்டியால் சுற்றிக்கொண்டே இருந்தார். ஒரு வாய் உள்ளே போகவில்லை.

புருல் தையல் பட்டறையில் வேலை பார்ப்பவள். நூல் பிரிந்தால் எங்கே பிரிந்தது என்று உடனே கண்டுபிடித்துவிடுவாள். “சந்தோஷமாத்தான இருக்கணும்? நீங்க சொன்னபடியே ஆயிடுச்சே” என்றாள்.

“நான் சொன்னபடி ஆகணும்னா சொன்னேன்?”

“பின்ன எதுக்குச் சொன்னீங்க?”

இந்தக் கேள்விக்கு இந்த இனத்தில் இதுவரை யாரும் பதில் சொன்னதில்லை. அவர் லக்மானை இன்னொரு சுற்றுச் சுற்றினார்.

அந்த வாரம் அவர் கை தடுமாறியது. துர்துபெக் என்ற பெரியவரின் மேல்செட்டு ஓய்வுபெற்ற பாட்டு ஆசிரியை ஒருத்தியின் வாய்க்குப் போய்விட, அந்த அம்மாள் கண்ணாடியில் தன் சிரிப்பைப் பார்த்து அலறிக்கொண்டு வந்தாள். கிளப்பில் அவர் அணிக்கு ஆள் சேரவில்லை. யாரும் சண்டை போடவில்லை, முறைக்கவில்லை. அவர் வந்து உட்கார்ந்தால் மற்றவர்கள் ஹெட்போனை மாட்டிக்கொண்டார்கள், அவ்வளவுதான். ரினாத் மட்டும் பக்கத்தில் இருந்தான். அவனும் பேசவில்லை.

நாலாம் நாள் தொக்தோசுனே பேசினார். “ஒரு விண்ணப்பம் எழுதப் போறேன். நிறுத்தக் கூடாதுன்னு.”

“நீயா?”

“கொன்னவன்தான எழுதணும்.”

எழுதத் தெரிந்த மனிதர்தான், சந்தேகமில்லை. ஆனால் கை ஒரு பக்கமாகப் பழகியிருந்தது. முதல் வரைவைச் சல்கினிடம் நீட்டினார். அதில் பதினொன்றாம் பாகத்தின் அறுபத்துமூன்று குறைகள் இருந்தன. இறுதியில், ‘ஆகவே நிறுத்த வேண்டாம்’ என்று இருந்தது.

“இது விண்ணப்பமா, இல்ல குற்றப்பத்திரிகையா?” என்றாள் அவள். “நல்லதா நாலு வார்த்தை எழுதுய்யா.”

“என்ன எழுதறது?”

“எது பிடிக்குமோ அத.”

அவர் இரண்டு நாள் உட்கார்ந்து யோசித்தார். பிடிப்பதைப் பிடிக்கிறது என்று சொல்லும் சொற்கள் வாயில் இல்லாத ஒரு மனிதன் படும் அவஸ்தையைச் சாதாரணமாக நினைக்காதீர்கள். கடைசியில் ஒரு வரி வந்தது: ‘அவ்வளவு மோசமில்லை.’ அவரை அறிந்தவர்கள் அதைப் படித்து மலைத்துப்போனார்கள். திருமணத்தன்று புருலுக்குக்கூட அவரிடமிருந்து இவ்வளவு கிடைத்ததில்லை. அந்த ஒற்றை வரியின் கீழே பிஷ்கெக், ஓஷ், கராகோல் என்று கையெழுத்துகள் சேர்ந்தன. பிறகு எல்லை தாண்டின. மூன்று வாரத்தில் நிறுவனத்திடமிருந்து ஒரு பதில் வந்தது. எங்கள் பிரதிநிதி அல்மாத்திக்கு வருகிறார், உங்களில் இருவர் வந்து நேரில் பேசலாம்.

தொக்தோசுனும் ரினாத்தும் மேற்குப் பேருந்து நிலையத்தில் பங்கு டாக்ஸி ஏறினார்கள். கொர்தாய் எல்லையைத் தாண்டியதும் ரினாத் பாடம் நடத்தத் தொடங்கினான்.

“நான் சொல்றத அப்படியே சொல்லு. பதினொன்னாவது பாகம் நல்லா இருக்கு.”

“பதினொன்னாவது பாகம் ஓடுது.”

“ஓடுது இல்ல. நல்லா இருக்கு.”

“பதினொன்னாவது பாகம் நல்லா… மாட்டிக்காம ஓடுது.”

முன் இருக்கையில் இரண்டு பை ஆப்பிளோடு உட்கார்ந்திருந்த அம்மாள் திரும்பிப் பார்த்தாள். “ஏம்ப்பா, அவருக்கு உடம்பு சரியில்லையா?”

“இல்ல எஜே. பாராட்டிப் பழக்கம் இல்ல. அதான் கொஞ்சம் கொஞ்சமாப் பழக்கறேன்.”

“எங்க வீட்டுக்காரரையும் கூட்டிக்கிட்டு வந்திருக்கலாம் போல” என்றாள் அவள்.

அல்மாத்தியில் ஒன்பதாவது மாடி. பிரதிநிதியின் பெயர் கம்ஷாத். முப்பது வயதிருக்கும், பால் விட்ட தேநீரும் பௌர்சாக் என்ற பொரித்த மாவுருண்டைகளும் வைத்து உபசரித்தாள். மரியாதைக்கு ஒரு குறையுமில்லை. மரியாதையாகப் பேசுகிறவர்களிடம்தான் தப்பிக்க முடியாது என்பது தொக்தோசுனுக்கு உட்கார்ந்த பிறகே புரிந்தது.

“உங்க இரங்கல் கட்டுரைய நாங்க எல்லாருமே படிச்சோம் பைகே” என்றாள். “எங்க தலைமை வடிவமைப்பாளர் அதப் படிச்சிட்டு ரெண்டு நாள் வேலைக்கு வரல.”

தொக்தோசுன் பௌர்சாக்கைக் கையில் வைத்துக்கொண்டு எங்கே கடிப்பது என்று தேடினார். இருபது வருஷமாக அவர் திட்டியது ஒரு நிறுவனத்தை. அதற்குள் யாரோ ஒருவர் படுக்கையை விட்டு எழாமல் கிடக்கக்கூடும் என்று தோன்றியதே இல்லை.

“மூணாவது பாகத்தோட செத்துப்போச்சுன்னு எழுதியிருக்கீங்க.”

“ஆமா. அது… ஆமா.”

அவள் தன் கம்ப்யூட்டரைத் திருப்பிக் காட்டினாள். “இது உங்க கணக்கு. பதினொன்னாவது பாகத்த மட்டும் நீங்க அறுநூறு மணி நேரம் ஆடியிருக்கீங்க. செத்துப்போனதோட அறுநூறு மணி நேரம் என்ன பண்ணீங்க?”

“பிணத்துக்குப் பக்கத்துல யாராவது உக்காந்திருக்கணும்லம்மா” என்றார் தொக்தோசுன்.

அவள் சிரித்துவிட்டாள். ஆனால் பேனாவைக் கீழே வைக்கவில்லை. “சிரிக்க வெச்சிட்டீங்க. ஆனா நான் திரும்பிப் போய் எழுத வேண்டிய அறிக்கையில இத எழுத முடியாது. இந்த விளையாட்டு ஏன் இருக்கணும்? ஒரு காரணம் சொல்லுங்க.”

டாக்ஸியில் படித்த பாடம் தொக்தோசுனின் தொண்டை வரை வந்து நின்றுவிட்டது. அவர் வாயைத் திறந்தார், மூடினார், சன்னலைப் பார்த்தார். இன்னும் ஒரு நிமிஷம் போயிருந்தால் அறுபத்துமூன்று குறைகளையும் வரிசையாகச் சொல்லத் தொடங்கியிருப்பார். அந்த வழி அவருக்கு மனப்பாடம்.

“நான் சொல்லலாமா?” என்றான் ரினாத்.

அவன் மேசையைப் பார்த்துக்கொண்டே பேசினான். “ரெண்டு வருஷம் நான் நோவோசிபிர்ஸ்க்ல கட்டட வேலைல இருந்தேன். ஒரு ரூம்ல பதினோரு பேர். எனக்கு அங்க யாரையும் தெரியாது. ஒன்பதாவது பாகத்துல ஒரு உடைஞ்ச பாலம் வரும். தினம் சாயங்காலம் ஏழு மணிக்கு இவன் அந்தப் பாலத்துக்கு அடியில வந்து நிப்பான். நானும் போவேன். நாங்க சுட மாட்டோம். எதிராளி வந்து எங்களச் சுட்டுட்டுப் போவான். நாங்க மறுபடி உயிர் வந்து அதே இடத்துல வந்து நின்னுக்குவோம். இவன் திட்டிக்கிட்டே இருப்பான். பாலம் சரியில்ல, தண்ணி சரியில்ல, வானம் சரியில்லன்னு. நான் கேட்டுக்கிட்டே இருப்பேன். ஊர்ல இருக்கற மாதிரியே இருக்கும்.”

தன் கோப்பையை ஓரமாக நகர்த்திவைத்தான்.

“எங்கம்மா இறந்தப்ப என்னால வர முடியல. அன்னைக்கும் ஏழு மணிக்கு வந்து நின்னான். அன்னைக்கு மட்டும் எதையும் திட்டல. ஒரு மணி நேரம் ரெண்டு பேரும் சும்மா நின்னோம். எவனெவனோ சுட்டுட்டுப் போனான்.”

தொக்தோசுனின் காது இரண்டும் சிவந்துவிட்டன. பௌர்சாக்கைத் தட்டில் வைத்தார், மறுபடி எடுத்தார்.

“ஆனா அந்தத் தண்ணி உண்மையிலேயே சரியில்ல” என்றார் மெதுவாக.

கம்ஷாத் எதையோ நீளமாக எழுதிக்கொண்டாள்.

மே மாதக் கடைசியில் பதில் வந்தது. நிறுவனம் முடிவை மாற்றிக்கொண்டது. அல்மாத்தி அறிக்கைதான் காரணமா, உலகமெங்கும் எழுந்த கூச்சல் காரணமா, அல்லது லாபக் கணக்கு எதையாவது மறுபடி கூட்டிப் பார்த்தார்களா, யாருக்கும் தெரியாது. பன்னிரண்டாம் பாகம் வரும். சர்வர்கள் அணையாது. சல்கின் அன்று கிளப்பின் கதவை உள்ளே சாத்திக்கொண்டு, வந்திருந்த எல்லோருக்கும் தன் கையால் தேநீர் ஊற்றினாள். தொக்தோசுனுக்கு ஊற்றும்போது மட்டும் கோப்பை நிரம்பி வழிந்தது.

ஆனால் அவருக்குத் தனியாக இன்னொரு கடிதம் வந்திருந்தது. புதிய பாகத்தை ஆரம்பத்திலிருந்தே ஆடிப் பார்த்துக் கருத்துச் சொல்ல உலகத்தில் பன்னிரண்டு பேரைத் தேர்ந்தெடுத்திருந்தார்கள். அதில் அவர் ஒருவர். ஒரே நிபந்தனை. விளையாட்டு வெளியாகும்வரை அதைப் பற்றி மனைவியிடம்கூட ஒரு வார்த்தை பேசக் கூடாது. பேசினால் அந்த நிமிஷமே நீக்கம். கையெழுத்துப் போட வேண்டும்.

போட்டார்.

நினைத்துப் பாருங்கள். இருபது வருஷமாக ஒன்றுமே தெரியாமல், பதினொரு பாகத்தின் எதிர்காலத்தையும் மூன்று மூன்று மணி நேரம் விரித்துரைத்த மனிதர். இப்போது உலகத்தில் பன்னிரண்டே பேருக்குத் தெரிந்த எதிர்காலம் முழுசாக அவர் கையில் இருக்கிறது, வாய்க்குப் பூட்டு.

“பைகே, பன்னெண்டு எப்படி இருக்கும்னு நினைக்கறீங்க?” என்பான் சஞ்சார்.

தொக்தோசுன் சம்சாவைக் கடிப்பார்.

“ஊர் இருக்குமா, காடு இருக்குமா? சும்மா ஊகமாச் சொல்லுங்க.”

“சூடா இருக்கு” என்பார் சம்சாவைப் பற்றி.

இதைவிடப் பெரிய சோதனை ஒன்று இருந்தது. அது அவருக்குப் பிடித்துவிட்டது. பட்டறையில் தனியாக உட்கார்ந்து ஆடும்போது, நல்ல இடம் வந்தால் நாக்கு துடிக்கும். சொல்ல ஆள் இல்லை. அலமாரியில் வரிசையாக வாய் பிளந்திருந்த பல்செட்டுகளைப் பார்த்து, “மோசமில்ல, என்ன?” என்பார். அவை எல்லாம் சிரித்தபடி இருக்கும்.

அவர் கருத்துகளையும் அனுப்பினார். முக்கியமாக மழையைப் பற்றி. இதுவரை வந்த எந்தப் பாகத்திலும் மழை மழையாக இல்லை, கம்பி போல நேராக விழுகிறது. காற்றுக்குச் சாய வேண்டும், தகரக் கூரையில் ஒரு சத்தமும் மண்ணில் ஒரு சத்தமும் கேட்க வேண்டும் என்று பத்துப் பக்கம் எழுதினார். அவர்கள் மாற்றினார்கள். சத்தம் இன்னும் கொஞ்சம் தணியட்டும் என்றார். தணித்தார்கள். எட்டு வாரம் இப்படிப் போய், ஒரு நாள் அந்த மழையில் துப்பாக்கியைத் தொங்கவிட்டுக்கொண்டு அவர் அரை மணி நேரம் சும்மா நின்றார். பெற்ற பிள்ளையைப் பார்ப்பதுபோல் இருந்தது.

வீட்டில் புருல் கவலைப்பட்டாள். மூன்று மாதமாக மனிதர் எதையும் குறை சொல்லவில்லை. அவளுடைய லக்மானைக்கூடச் சொல்லவில்லை. “உப்பு சரியா இருக்கா?” என்று வேண்டுமென்றே அதிகம் போட்டுவிட்டுக் கேட்டாள். “இருக்கு” என்றார். மறுநாளே அவரை மருத்துவரிடம் அழைத்துப் போனாள். மருத்துவர் ரத்த அழுத்தம் பார்த்து, முன்பைவிட நன்றாக இருக்கிறது என்றார். அவள் நம்பவில்லை.

செப்டம்பரில் முன்னோட்டப் படம் வந்தது. ஞாயிற்றுக்கிழமை காலை, இல்பிர்ஸில் நிற்க இடமில்லை. பெரிய திரையில் இரண்டு நிமிஷம் ஓடி முடிந்தது. பழக்கதோஷம், எல்லோரும் தொக்தோசுனைப் பார்த்தார்கள். அவர் உதட்டை இறுக்கிக்கொண்டு தரையைப் பார்த்தார். தேநீர் ஊற்றலாமா கூடாதா என்று யாருக்கும் தெரியவில்லை.

அப்போது ரினாத் தொண்டையைக் கனைத்தான்.

“அந்த மழையப் பாத்தீங்களா?” என்றான்.

சஞ்சார் நிமிர்ந்தான். “ஏன், என்ன?”

“நிறுத்திப் போடு. அங்க. பாரு, சாஞ்சு விழுது. எந்த ஊர்ல மழை இப்படி விழுது? சத்தத்தக் கேளு, யாரோ பாத்திரம் கழுவற மாதிரி. மூணாவது பாகத்துல மழை எப்படி நேரா, கம்பி மாதிரி விழும். அது மழை.”

“ஆமா பைகே” என்றான் சஞ்சார். அவன் ரினாத்தைப் பைகே என்று கூப்பிட்டது அதுதான் முதல் தடவை.

“இது மழை தெரியாதவன் செஞ்ச மழை” என்றான் ரினாத். குரல் தானாகவே கனத்தது. “யாரோ ரூமுக்குள்ளயே உக்காந்து யோசிச்சிருக்கான்.”

சல்கின் தேநீர் ஊற்றத் தொடங்கினாள். எல்லோர் தோளும் இளகியது. ஆளாளுக்கு மழையைப் பற்றிப் பேச ஆரம்பித்தார்கள். ஒருவன் தகரக் கூரையைக் குறை சொன்னான், இன்னொருவன் மேகத்தைச் சொன்னான்.

தொக்தோசுன் கோப்பையை வாய்க்குக் கொண்டுபோகாமலே கீழே வைத்தார். எட்டு வாரம், பத்துப் பக்கம். ஒன்பதாவது மாடியில் கேள்விப்பட்ட, இரண்டு நாள் வேலைக்கு வராத அந்த முகம் தெரியாத மனிதர் எப்படிக் கிடந்திருப்பார் என்று இப்போது அவருக்கு உடம்பாலேயே தெரிந்தது.

“டேய்” என்றார் கடைசியில், மிகவும் தணிந்த குரலில். “அவ்வளவு மோசமாவா இருக்கு?”

ரினாத் திரையிலிருந்து கண்ணை எடுக்காமலே கையை வீசினான். “நீ பேசாம இரு. உனக்கென்னடா தெரியும்?”

இதைப் படித்துச் சிரித்துக்கொண்டிருக்கும் உங்களிடம் ஒரே ஒரு வார்த்தை. வருஷா வருஷம் தீபாவளி மலரை முதல் ஆளாக வாங்கி, கடைசிப் பக்கம் வரை விடாமல் படித்து முடித்து, ‘முன்னே மாதிரி இல்லை சார், மலர் எல்லாம் எப்போதோ போய்விட்டது’ என்று பக்கத்து வீட்டுக்காரரிடம் சொல்வது யார்? ஒவ்வொரு டிசம்பரிலும் சபாவில் மூன்றாவது வரிசையில் உட்கார்ந்து, இனி கேட்க என்ன இருக்கிறது என்று பெருமூச்சு விடுவது யார்? பிஷ்கெக் வெகு தூரம், பல்செட் செய்யும் ஆளையும் நமக்குத் தெரியாது என்று தப்பிக்கப் பார்க்காதீர்கள். இந்தக் கட்டுரையையே எடுத்துக்கொள்ளுங்கள். ‘ஆரம்பம் பரவாயில்லை, அல்மாத்தி போனதும் விழுந்துவிட்டது, இப்போதெல்லாம் யாருக்கு எழுத வருகிறது’ என்று சொல்ல இதோ வாயெடுத்துவிட்டீர்கள். தாராளமாகச் சொல்லுங்கள், தவறில்லை. ஆனால் அதற்கு முன், இதன் முதல் வரியிலிருந்து இந்த வரி வரை ஒரு சொல் விடாமல் படித்தது எதற்காக என்று உங்கள் வீட்டில் யாராவது கேட்டால் என்ன சொல்வீர்கள் என்பதை மட்டும் யோசித்து வைத்துக்கொள்ளுங்கள்.